தவிட்டுக்கு வாங்கிய பெயர்

பூரணிக்குத் தன் பிள்ளையின் அந்தப் பெயர் முதலில் பிடித்துத்தான் இருந்தது. இதை இங்கேயே சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் பழியை எல்லாம் தோட்டத்துக் காளியாயியின் தலையில் கட்டிவிடுவாள். யாபேஸ். சொல்லிப் பார்க்க லேசாக இருந்தது. பொகவந்தலாவை பஜாரில் அந்தப் பெயரோடு இன்னொரு பிள்ளை இல்லை. அவள் கணவர் சுந்தரலிங்கம், பஜாரில் பலசரக்குக் கடை வைத்திருப்பவர், அவருக்கோ பெருமை பிடிபடவில்லை. பெயர் வைத்த மறுநாளே கடை ஆட்டோவின் பின்கண்ணாடியில் அதை வெள்ளி எழுத்தில் ஒட்டிக்கொண்டு வந்து நின்றார்.

"வெளிநாட்டுக்காரன் பேரு மாதிரி ஜம்முனு இருக்குல்ல?" என்று ஆட்டோவைச் சுற்றிச் சுற்றி வந்தார். இருந்தது. யார் இல்லையென்றார்கள்?

பெயரை வைத்தது அவர்கள் இல்லை. அதுதான் விஷயமே.

பூரணிக்கு இதற்கு முன்னால் இரண்டு பிறந்து தங்காமல் போயின. மூத்தது பெண், ஒன்பது நாள் இருந்தது. அடுத்தது ஆண், நான்கு நாள். பிள்ளைபெற்ற துடக்குக் கழித்து முப்பத்தொன்றாம் நாள்தான் பெயர் வைப்பது வழக்கம் என்பதால் இரண்டுக்கும் பெயர் கிடையாது. பெயர் இல்லாததை என்னவென்று சொல்லிப் பேசுவது? சுந்தரலிங்கம் பேசுவதே இல்லை. கடைக்கு வருகிற யாராவது பிள்ளைகுட்டி விசாரித்தால், "இனித்தான்" என்று சொல்லிவிட்டுச் சீனி நிறுக்கப் போய்விடுவார். அந்த ஒரு சொல்லைக் கேட்கும்போதெல்லாம் உள்ளே இருந்த பூரணிக்கு வயிறு எரியும். எரிந்து என்ன, அவளும் வாயைத் திறந்ததில்லை.

மூன்றாவதாக இந்தப் பயல் பிறந்து இருபத்தைந்து நாளைத் தாண்டியதும் அட்டனிலிருந்து பஸ் ஏறி வந்தாள் சண்முகவடிவு, சுந்தரலிங்கத்தின் அக்காள். அவள் வந்தால் வீட்டில் மற்றவர்களுக்குக் கருத்து என்று ஒன்று இருக்காது.

"இந்த வீட்டுப் புள்ளன்னு தெரிஞ்சாத்தான எடுத்துக்கிட்டுப் போகும்? தவுட்டுக்கு வித்துருவோம்" என்றாள்.

எது எடுத்துக்கொண்டு போகும் என்று அவள் சொல்லவில்லை. யாரும் கேட்கவும் இல்லை.

தவிட்டுக்கு விற்பது அவர்கள் பக்கத்தில் பழைய வழக்கம். பிறந்த பிள்ளைகள் தங்காத வீட்டில், அடுத்த பிள்ளையை வேறொருத்திக்கு ஒரு படி தவிட்டுக்கு விற்றுவிட வேண்டும். வாங்கியவள்தான் அன்றிலிருந்து தாய். பெற்றவள் வெறும் வளர்ப்புக்காரி. பெயரையும் வாங்கியவள்தான் வைப்பாள், கேவலமான பெயராக, பிச்சை என்றோ குப்பன் என்றோ. அந்தத் தவிட்டை மஞ்சள் துணியில் முடிந்து தொட்டிலில் கட்டிவிட வேண்டும். வாங்குகிறவளுக்கு ஒரே ஒரு தகுதி வேண்டும். தன் வயிற்றில் பிறந்த எதையும் அவள் மண்ணுக்குக் கொடுத்திருக்கக் கூடாது.

சண்முகவடிவு கடை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, ஞாயிற்றுக்கிழமை சாமான் வாங்க வந்த தேயிலைத் தோட்டத்துப் பெண்களை ஒவ்வொருத்தியாக விசாரித்தாள். மேல் டிவிஷனில் கொழுந்து பறிக்கிற காளியாயி அகப்பட்டாள்.

"ஒனக்கு எத்தன புள்ளைங்க?"

"அஞ்சுங்க."

"எல்லாம் நல்லாருக்கா?"

"அஞ்சும் நல்லாருக்குங்க. மூத்தவன் கொழும்புல வேலையில இருக்கான்."

போதும். சண்முகவடிவுக்கு வேறொன்றும் கேட்கத் தோன்றவில்லை. காளியாயி பத்து வருஷத்துக்கு முன்பே கிறிஸ்தவ வேதத்துக்கு மாறிச் சபைக்குப் போகிறவள் என்பதைக்கூட அவள் கேட்கவில்லை. ஞானஸ்நான முழுக்கெடுத்தபோது கொடுத்த பெயரை அந்தத் தோட்டத்தில் யாரும் கூப்பிடுவதில்லை, காளியாயி காளியாயியாகவே இருந்துவிட்டாள்.

முப்பத்தொன்றாம் நாள் அவள் வந்து, சுளகில் கிடந்த பிள்ளையைத் தூக்கிக்கொண்டு, ஒரு படி தவிட்டைப் பூரணி ஏந்திய முந்தானையில் கொட்டினாள். "இது என் புள்ள. நீங்க வளத்துக் குடுங்க" என்று சொல்லிக் கொடுத்தபடியே சொன்னாள். பெயரைச் சொல்லு என்றதும் பிள்ளையின் முகத்தையும் பூரணியின் முகத்தையும் பார்த்துவிட்டு, "யாபேஸ்" என்றாள். பிச்சையை எதிர்பார்த்துக் காதை நீட்டியிருந்த சண்முகவடிவு திருதிருவென்று விழித்தாள். ஆனாலும் வழக்கம் வழக்கம்தானே.

"அவ வச்சது வச்சதுதான். அவளே தன் கையால தவுட்டத் திருப்பி வாங்கிக்கிட்டாத்தான் மாத்தலாம். ராகலையில ஒரு வீட்டுல, வாங்கினவளுக்குத் தெரியாம பேர மாத்திட்டாங்க. மூணே மாசம்" என்று பூரணியிடம் மூன்று விரலைக் காட்டிவிட்டுப் பஸ் ஏறினாள். அந்த விரல்கள் பூரணியின் கண்ணிலேயே நின்றன.

அடுத்த ஞாயிறு பூரணியின் தங்கை கேஷிகா நுவரெலியாவிலிருந்து வந்தாள். அங்கே ஒரு பாடசாலையில் படிப்பிக்கிறாள். பிள்ளையின் பெயரையும் அதன் பொருளையும் அழகான எழுத்தில் அச்சடித்துச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டுவது இப்போது எல்லா வீட்டிலும் நடக்கிறது. சித்திக்காரி அந்தச் செலவை ஏற்றுக்கொண்டிருந்தாள். பொருள் வேண்டுமே என்று ஃபோனில் தேடினாள். தேடியவள், வாயில் வைத்த வடையைக் கடிக்காமல் அப்படியே இருந்தாள்.

"என்னடி?"

"ஒண்ணுமில்லக்கா. நெட் சரியில்ல."

"பொய் சொல்லாத. என்ன போட்டிருக்கு?"

கேஷிகா ஃபோனைத் திருப்பி வைத்தாள். பூரணி விடவில்லை.

"எபிரேய மொழிப் பேருக்கா. யூத ஆக்களோட பழைய பாஷ" என்றாள் கேஷிகா. பிறகு சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். "அர்த்தம்... துக்கம்னு போட்டிருக்கு. நோவு. இன்னொரு எடத்துல, நோவு குடுக்கிறவன்னு இருக்கு."

தொட்டிலில் பிள்ளை தும்மியது.

அன்று பிடித்தது பூரணிக்குப் பயம். பிள்ளையைப் பெயர் சொல்லிக் கூப்பிட முடியவில்லை. பெயர் சொல்லிக் கூப்பிட்டால் வந்துவிடுவதுதானே உலக வழக்கம், நோவே வா, துக்கமே வா என்று தன் வாயால் எப்படிக் கூப்பிடுவாள்? ராசா என்றாள், கண்ணு என்றாள், தங்கம் என்றாள். சுந்தரலிங்கமோ கடையிலிருந்து வரும்போதும் போகும்போதும் "யாபேஸு! டேய் யாபேஸு!" என்று ஊருக்கே கேட்கக் கொஞ்சினார். ஜன்னலைத் திறந்தால் வாசலில் ஆட்டோ நிற்கிறது, வெள்ளி எழுத்தில் அதே பெயர் பளபளக்கிறது. பாவம் மனுஷன், ஆசையாக ஒட்டியதைக் கிழி என்று சொல்லவும் வாய் வரவில்லை.

திங்கட்கிழமை பிள்ளைக்கு மூக்கு அடைத்துக்கொண்டது. செவ்வாய்க்கிழமை பாலைப் பாதியில் விட்டுவிட்டு அழுதது. மிட்வைஃப் மிஸ் வந்து பார்த்துவிட்டு, "சளிதான், இந்தக் குளிருக்கு எல்லாப் பிள்ளைக்கும் வாறதுதான். எடைதான் கொஞ்சம் ஏறணும், பால விடாமக் குடுங்க" என்றாள். பூரணியின் காதில் எடை மட்டும்தான் விழுந்தது. மூத்ததுக்கும் முதலில் எடைதான் சொன்னார்கள்.

பதிவாளரிடம் போய்ப் பிறப்புப் பதிய ஆறு கிழமை, நாற்பத்திரண்டு நாள்தான் தவணை. வியாழக்கிழமை கடையை அரைநாள் மூடிவிட்டுப் போவதென்று சுந்தரலிங்கம் சொல்லியிருந்தார். அதன் பிறகு அந்தப் பெயர் சர்க்கார் புத்தகத்தில் ஏறிவிடும். பூரணி சண்முகவடிவுக்கு ஃபோன் எடுத்து அழுதாள்.

"அண்ணி, நல்ல பேரா ஒண்ணு வச்சிர்றேன் அண்ணி."

"நீ வைக்கக்கூடாது. வச்சா வித்தது செல்லாது, புள்ள மறுபடி ஒங்க வீட்டுப் புள்ளையாயிரும். அப்புறம் என்னையக் கேக்காத."

பெயர் இருந்தாலும் பயம், எடுத்தாலும் பயம். புதன்கிழமை பகல் பிள்ளையைக் கேஷிகாவிடம் விட்டுவிட்டு, தொட்டிலிலிருந்து தவிட்டு முடிச்சை அவிழ்த்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டு புறப்பட்டாள். கேஷிகா அவளுக்காகவே லீவு போட்டுவிட்டு நின்றிருந்தாள். காளியாயியைப் பார்க்க வேண்டும் என்று மட்டும் கணவரிடம் சொன்னாள். அவர் ஏனென்று கேட்காமல் ஆட்டோவை எடுத்தார். முதுகுக்குப் பின்னால் கண்ணாடியில் அந்த எழுத்துகள் கூடவே வந்தன. தோட்டத்து ரோட்டில் ஆட்டோ குலுங்கக் குலுங்க, என்ன பேசுவதென்று பூரணி மனசுக்குள் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்தாள். ஏன் எங்க புள்ளைக்கு இந்தப் பேர வச்ச? நாங்க ஒனக்கு என்ன செஞ்சோம்?

கொழுந்து நிறுக்கிற மடுவத்தில் பகல் நிறுவை முடிகிற நேரம். பெண்கள் சாக்கோடு வரிசையில் நின்றார்கள். சுந்தரலிங்கம் கீழே ரோட்டிலேயே ஆட்டோவை நிறுத்திக்கொண்டார். காளியாயி அவளைப் பார்த்ததும் வரிசையை விட்டே ஓடி வந்தாள்.

"என்னங்க மொதலாளியம்மா, புள்ளைக்கு ஒண்ணுமில்லல்ல?"

பாடம் பண்ணி வைத்ததெல்லாம் பூரணிக்கு மறந்துபோயிற்று. "அந்தப் பேருக்கு நோவுன்னு அர்த்தமாமே" என்றாள். "தெரிஞ்சேதான் வச்சீங்களா அக்கா?"

"தெரிஞ்சுதாங்க."

கொஞ்சமும் மழுப்பவில்லை. பூரணிக்குக் கோபம் தலைக்கேறியது. கைப்பையைத் திறந்து மஞ்சள் முடிச்சை எடுத்து நீட்டினாள். "இந்தாங்க. வாங்கிக்கங்க. என் புள்ளைய எனக்கே குடுத்துருங்க. மூக்கடைச்சுக்கிட்டுப் பால் குடிக்க முடியாமக் கெடக்குது. எனக்கு இன்னொண்ணப் பறிகுடுக்கத் தெம்பில்ல."

காளியாயி முடிச்சை வாங்கவில்லை. கையைச் சேலையில் துடைத்தாள். கொழுந்துக் கறை துடைத்தால் போகிறதா? பூரணியைக் கையைப் பிடித்து மடுவத்துக்குப் பின்னால் கூட்டிப்போய், காற்றுப் படாத சுவரோரமாக உட்கார வைத்தாள்.

"ஒங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். சொன்னா நீங்களே இத என் மூஞ்சில வீசிட்டுப் போனாலும் போவீங்க. ஒங்க நாத்தனாரு எத்தன புள்ளன்னு கேட்டாங்க. அஞ்சுன்னேன். இருக்கிறதத்தான சொல்லுவோம்? நாங்க எல்லாரும் அப்புடித்தாங்க சொல்றது. ஆனா பெத்தது ஆறு. மூத்தது ஆம்பளப் புள்ள. ஆறு நாள்."

அப்படியானால் விற்றதே செல்லாது. மண்ணுக்குக் கொடுத்த கையிலேயே பிள்ளையைக் கொடுத்திருக்கிறார்கள். அண்ணியின் மூன்று விரல் கண்ணெதிரே வந்தது. எழுந்து ஓடிப்போய்ப் பிள்ளையை அள்ளிக்கொள்ள வேண்டும் போலிருந்தது பூரணிக்கு.

"அன்னைக்கே சொல்லியிருக்கணுங்க. சுளகுல புள்ளையப் பாத்ததும் சொல்ல வாய் வரல" என்றாள் காளியாயி. "அத அந்தா, அந்த மலைக்கு அங்கிட்டுப் பொதச்சோம். பேரு வைக்கல. பதினெட்டு வயசு எனக்கு. அழுதா, அடுத்தது வந்தா சரியாப் போயிரும்னாங்க. அடுத்தது வந்துச்சு. சரியாத்தான் போகல. பேரிருந்தா அதச் சொல்லி அழுதுருக்கலாம், எதச் சொல்லி அழுவுறது? அப்புறம் சபையில பாஸ்டரு ஒரு கத சொன்னாருங்க. அந்தக் காலத்துல யூத சனத்துல ஒரு பொம்பள. ரொம்ப நொந்து போயி ஒரு புள்ளையப் பெத்தா. எல்லாரும் நல்ல பேரு, வீரன் பேருன்னு வைக்க, அவ மட்டும் நான் பட்டது இதுதான்னு நோவுன்னே பேரு வச்சா. யாபேஸ்னு. அதக் கேட்டப்ப எனக்கு நெஞ்சே அடச்சுருச்சு. ஒருத்தியாவது வெளிய சொன்னாளேன்னு."

"சொல்லி? அந்தப் புள்ளைக்கு என்ன ஆச்சு?" என்று கேட்டாள் பூரணி. அவளுக்கு அது ஒன்றுதான் தெரிய வேண்டியிருந்தது.

"நல்லா இருந்துச்சுங்க. அண்ணந்தம்பிங்க எல்லாரையும் விட நல்லா இருந்துச்சாம். அது வளந்து ஆண்டவர்கிட்ட மன்றாடிச்சாம், எனக்குக் கை நெறையக் குடு, இந்த நோவு என்னைய அண்டாமப் பாத்துக்கன்னு. கேட்டத அவரு குடுத்தாராம். அவ்வளவுதாங்க அந்தப் புள்ளையப் பத்தி எழுதியிருக்கு. வேற ஒண்ணுமே இல்ல." காளியாயி மூக்கை உறிஞ்சினாள். "ஒங்க புள்ளையக் கையில வாங்குறப்ப ஒங்க மூஞ்சியப் பாத்தேன். நீங்க அழுகாம நின்னீங்க. எனக்கு அந்தப் பேருதான் வந்துச்சு. வேணாம்னா குடுங்க, தவுட்ட வாங்கிக்கிறேன். ஒங்களுக்குப் புடிச்ச பேர வச்சுக்கங்க, நான் வருத்தப்பட மாட்டேன்."

கையை நீட்டினாள். கறுத்த, வெடித்த கை. பூரணியின் கையில் மஞ்சள் முடிச்சு. கொடுத்துவிட வேண்டியதுதான். இதற்காகத்தானே வந்தாள்? அவள் கொடுக்கவில்லை. ஏனென்று அவளுக்கே சொல்லத் தெரியவில்லை. இத்தனை வருஷத்தில் அண்ணி தவிட்டுக்கு விற்கச் சொன்னாள், கணவர் சீனி நிறுக்கப் போனார், அக்கம்பக்கத்துக்காரர்கள் அடுத்தது வரும் என்றார்கள். நீ நின்ற நிற்பைப் பார்த்தேன் என்று சொன்னது இந்தப் பொம்பிளை ஒருத்திதான்.

"எனக்கு மொதல்ல பொறந்தது பொண்ணு" என்றாள் பூரணி. சொன்னதும் அழுகை வந்துவிட்டது, அப்படி ஒரு அழுகை. மடுவத்துக்கு முன்னால் நின்ற பெண்கள் எட்டிப் பார்த்தார்கள். காளியாயி கறையைப் பார்க்காமல் அவளைக் கட்டிக்கொண்டாள். கணக்கப்பிள்ளை இரண்டு தடவை காளியாயியின் பெயரைக் கூப்பிட்டுவிட்டு, அடுத்தவளின் சாக்கைத் தராசில் ஏற்றச் சொன்னார்.

ரோட்டுக்கு இறங்கி வந்தபோது பூரணியின் கண் வீங்கியிருந்ததைச் சுந்தரலிங்கம் பார்த்தார். ஆட்டோவை மெதுவாக ஓட்டினார். பாதி வழியில் அவளாகவே சொன்னாள், பெயருக்கு என்ன பொருளென்று, அதற்குள்ளே என்ன கதை இருக்கிறதென்று. காளியாயி கணக்கில் சொல்லாமல் விட்ட மூத்த பிள்ளையைப் பற்றியும் சொன்னாள். அவர் ரோட்டை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. கடை வாசலுக்கு வந்து எஞ்ஜினை நிறுத்திய பிறகும் இறங்காமல் உட்கார்ந்திருந்தார். பூரணி வீட்டுக்குள்ளே போய் முடிச்சைத் தொட்டிலில் பழைய இடத்திலேயே கட்டினாள். பிள்ளைக்கு மூக்கு இன்னும் அடைத்துத்தான் இருந்தது. பயமும் போய்விடவில்லை, எங்கே போகும்? நெற்றியைத் தொட்டுப் பார்த்தாள், மூச்சை எண்ணிப் பார்த்தாள். பிறகு குனிந்து அதன் காதோரம், மற்ற யாருக்கும் கேட்காமல், "யாபேஸ்" என்று ஒரு தடவை கூப்பிட்டாள். பிள்ளை பாலுக்கு வாயைத் திறந்தது.

வியாழக்கிழமை பதிவாளர் கந்தோரில் அவர்களுக்கு முன்னால் நாலு பேர். பிள்ளை பூரணியின் தோளில் கம்பளித் தொப்பியோடு தூங்கிக்கொண்டிருந்தது. பதிவாளர் சிங்களவர், கண்ணாடியை மூக்கு நுனியில் வைத்துக்கொண்டு படிவத்தைப் பார்த்து ஒவ்வொன்றாகக் கேட்டார். பிள்ளையின் பெயரைக் கேட்டபோது சுந்தரலிங்கம் பூரணியைத் திரும்பிப் பார்த்தார்.

"யாபேஸ்" என்றாள் பூரணி. பேனா எழுதியது.

அடுத்து, "மே கீவெனி லமயாத?" என்றார் பதிவாளர். இது எத்தனையாவது பிள்ளை?

"பலவெனி சேர்" என்று சுந்தரலிங்கத்தின் வாய் பழக்கத்தில் சொல்லிவிட்டது. முதலாவது. பேனா தாளைத் தொடப் போனது.

"நே" என்றாள் பூரணி. இல்லை. கந்தோரில் எல்லாருக்கும் கேட்டது. அவளுடைய சிங்களம் மீன்காரரிடம் பேரம் பேசுகிற சிங்களம்தான், ஆனாலும் அந்தச் சொல் அவளுக்குத் தெரிந்திருந்தது. "துன்வெனி."

மூன்றாவது.

பதிவாளர் தலையை நிமிர்த்தி பூரணியைப் பார்த்தார், சுந்தரலிங்கத்தைப் பார்த்தார். எது சரி என்று கேட்பது போலப் பேனாவைத் தூக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார். சுந்தரலிங்கம் பிள்ளையின் தொப்பியைக் கொஞ்சம் இழுத்துக் காதை மூடிவிட்டார்.

"ஒவ் சேர். துன்வெனி" என்றார். பிறகு, பதிவாளர் கேட்காமலேயே, தமிழில் சொன்னார். "மூத்தது பொண்ணுங்க."